கோமாளி இல்லாத திரை

எங்கள் தோட்டத்துப் பிள்ளைகள் பலர், ஒரு படத்தைப் பார்ப்பதற்கு முன்பே அந்தப் படத்தைக் கேலிசெய்த நிகழ்ச்சியைப் பார்த்துவிட்டார்கள். 2000களின் நடுப்பகுதி அது. இறக்குவானைக்கும் காவத்தைக்கும் இடைப்பட்ட மலைகளில், தொழிலாளர் வரிசைவீடான லயத்துக்கு ஓரிரு வீட்டில்தான் டீவி இருந்தது. சென்னை விஜய் டீவியின் ‘லொள்ளு சபா’ சீடியில் பதிந்து டவுன் கடைகளுக்கு வரும். அங்கிருந்து கைமாறிக் கைமாறித் தோட்டத்துக்கு ஏறும். அசல் படம் பிறகுதான் வந்து சேரும். தங்கச்சியைப் பறிகொடுத்த கதாநாயகன் மெதுவாகத் திரும்பி நடக்கத் தொடங்கியதும் பின்னால் உட்கார்ந்திருக்கும் பிள்ளைகளிடம் சிரிப்பு வெடிக்கும். “ஏன்டா சிரிக்கிறீங்க, அவன் தங்கச்சி செத்துக் கெடக்குறா” என்று ஒரு மாமா அதட்டியது இன்னும் என் காதில் இருக்கிறது. அவர் கதையைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிள்ளைகளோ அந்த நடை எப்படிச் செய்யப்பட்டது என்பதைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

ராம்பாலா இயக்கிய நிகழ்ச்சி அது. சந்தானம், ஜீவா, சுவாமிநாதன், மனோகர், சேஷு என்று ஒரு கூட்டம். வாரம் ஒரு படத்தை எடுத்து உரித்துப் போடுவார்கள். கோடிக்கணக்கில் போட்ட அரங்கு அங்கே ஒரு அட்டைச் சுவராகச் சுருங்கிவிடும். காட்சி மெதுவாக நகர வேண்டுமென்றால் நடிகர்கள் தாங்களே கைகாலை மெதுவாக அசைப்பார்கள். அழவேண்டிய இடத்தில் ஒருவர் நடிப்பை விட்டுவிட்டுச் சம்பளப் பாக்கியைப் பற்றிப் பேசுவார். இதை வெறும் நையாண்டி என்று ஒதுக்கியவர்கள் உண்டு. எனக்கு அது தமிழ்த் தொலைக்காட்சி செய்த மிக நல்ல காரியங்களில் ஒன்றாகத் தோன்றுகிறது. நட்சத்திரத்தின் வீரம் அவருடைய உடம்பில் இல்லை, கமெராவும் வெளிச்சமும் இசையும் சேர்ந்து அதைச் செய்கின்றன என்பதை, எந்தத் திரைப்படப் பாடமும் படிக்காத ஒரு பிள்ளைக்கு அரைமணி நேரத்தில் அது காட்டிக் கொடுத்தது.

அப்படிக் காட்டிக் கொடுப்பது எங்களுக்கு ஏன் பெரிய காரியம் என்றால், நாங்கள் நட்சத்திரத்தை நம்பிய விதம் அப்படி. எம்.ஜி.ஆர். 1917இல் நாவலப்பிட்டியில் பிறந்தவர் என்பதை எங்கள் தாத்தாமார் தங்கள் குடும்பத்துச் செய்தி போலச் சொல்வார்கள். முருகன் படத்துக்குப் பக்கத்தில் அவர் படம் மாட்டாத லயக்காம்பரா குறைவு. 1948இன் பிரஜாவுரிமைச் சட்டம் எங்கள் சனத்தை நாடற்றவர்கள் ஆக்கியது. 1964 ஒக்டோபரில் சிறிமா – சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் என்று பிரித்தது. எஞ்சிய 1,50,000 பேரைப் பற்றிப் பிறகு பார்க்கலாம் என்று வைத்தது. யாரையும் கேட்டுச் செய்ததல்ல. அதற்கு அடுத்த ஆண்டு எம்.ஜி.ஆர். சரோஜாதேவியோடு இலங்கைக்கு வந்தபோது சனம் திரண்டது. வாக்கும் இல்லாமல், பேசவும் ஆளில்லாமல் இருந்தவர்கள், திரையில் சவுக்கைப் பிடுங்கி ஏழையின் பக்கம் நின்ற ஒருவரைத் தங்கள் ஆளாக எடுத்துக்கொண்டார்கள். அந்த அன்பைக் கேலிசெய்ய எனக்கு மனம் வராது. வேறு யாரும் தராத மரியாதையை அந்தப் பிம்பம் அவர்களுக்குத் தந்தது.

ஆனால் பிம்பம் கைமாறி வரும்போது மரியாதை கழன்றுவிட்டது, பக்தி மட்டும் எஞ்சியது. இன்று மலையக டவுன்களில் புதுப்படம் வரும் நாளில் பேனர் கட்டுகிறார்கள், பாலாபிஷேகம் செய்கிறார்கள். கிலோக் குறைந்தால் அரைநாள் சம்பளமாக ‘அரைப்பேர்’ போடும் தோட்டத்தில் உழைக்கும் தாயின் மகன்தான் அந்தப் பாலை வாங்குகிறான். 2007 பொங்கலுக்கு நடிகர் விஜய்யின் ‘போக்கிரி’ வந்தது. ‘லொள்ளு சபா’ அதை ‘பேக்கரி’ ஆக்கியது. ரசிகர்களின் கோபம் நிகழ்ச்சியின் மேல் திரும்பியது. ஒரு படத்தைக் கேலிசெய்தால் ஒரு மனிதரை அவமதித்ததாகக் கொள்ளும் மனநிலை அன்றே முற்றியிருந்தது. அந்த நடிகர் 2024இல் கட்சி தொடங்கினார். 2025 செப்டம்பர் 27ஆம் திகதி கரூரில் அவரைப் பார்க்கக் கூடிய கூட்டத்தின் நெரிசலில் 41 பேர் செத்தார்கள். அவர்களில் குழந்தைகளும் உண்டு. யார் குற்றம் என்பதை விசாரணை சொல்லட்டும். நான் பேசுவது, கைக்குழந்தையைத் தூக்கிக்கொண்டு அந்தக் கூட்டத்துக்குள் போக வைத்த ஈர்ப்பைப் பற்றி. அந்த ஈர்ப்பைக் கொஞ்சமாவது தணிக்கக்கூடிய சாதனங்களில் கேலியும் ஒன்று. அதனால்தான் கேலியை நான் விளையாட்டாக எடுத்துக்கொள்வதில்லை.

‘லொள்ளு சபா’ திறந்த வழியில் 2010 ஜனவரியில் ‘தமிழ்ப் படம்’ வந்தது. சி.எஸ். அமுதன் இயக்கம், சிவா நாயகன். நாயகனின் அறிமுகக் காட்சி தொடங்கி எல்லா வழக்கங்களையும் அது தூக்கிப் பார்த்தது. சென்னையில் எந்த நட்சத்திரமும் அதன் மேல் கைவைக்கவில்லை. அதை வெளியிட்டது அன்றைய ஆளுங்கட்சித் தலைவரின் பேரனான தயாநிதி அழகிரியின் நிறுவனம் என்பதையும் சேர்த்துத்தான் அந்தத் துணிச்சலை எடைபோட வேண்டும். குடை இருந்தது, நனையவில்லை. 2018இல் வந்த இரண்டாம் பாகம் அரசியல்வாதி ஓ. பன்னீர்செல்வத்தின் கல்லறைத் தியானம் வரை போனது. அதற்குள் கேலியை எல்லாரும் விளம்பரமாகவே பார்க்கப் பழகிவிட்டார்கள்.

பிரித்தானியாவில் கிறிஸ் மோரிஸ் 1997இல் செய்த ‘பிராஸ் ஐ’ இன்னும் கடுமையான வழியில் போனது. உலகத்திலேயே இல்லாத ஒரு போதைமருந்தைக் கற்பித்து, அதற்குக் ‘கேக்’ என்று பெயரிட்டு, அதற்கு எதிராக மக்களை எச்சரிக்கும்படி பிரபலங்களிடம் போனார்கள். பிரபலங்கள் கமெராவைப் பார்த்து, எழுதிக் கொடுத்ததை எல்லாம் முகத்தில் கவலையோடு வாசித்தார்கள். ஒரு நாடாளுமன்ற உறுப்பினர் அதைப் பற்றிச் சபையில் கேள்வியே எழுப்பிவிட்டார். பிரபலம் என்பவர் தனக்குத் தெரியாத விடயத்தைத் தெரிந்தது போலச் சொல்லத் தயாராக இருக்கும் ஒரு முகம். அந்த முகத்துக்குப் பின்னால் யாரும் எதையும் சரிபார்ப்பதில்லை. இதை வாதமாகச் சொன்னால் நம்ப மாட்டோம். அவர்கள் வாயாலேயே சொல்லவைத்தபோது மறுக்க முடியவில்லை. கேலி முகத்தோடு நிற்காமல், அந்த முகத்தைத் தயாரிக்கும் இயந்திரத்தைத் தொட்டது. தமிழ்த் தொலைக்காட்சி அந்த இடத்துக்குப் போகவே இல்லை என்பது என் முறைப்பாடு.

‘சொல்வதெல்லாம் உண்மை’யை எடுத்துக்கொள்ளுங்கள். 2011இல் ஜீ தமிழில் தொடங்கிய நிகழ்ச்சி. முதலில் நிர்மலா பெரியசாமி, பிறகு லட்சுமி ராமகிருஷ்ணன் நடத்தினார்கள். புருஷன் விட்டுப்போனவள், பிள்ளையைப் பறிகொடுத்தவள், மாமியாரோடு வழக்காடுகிறவள் என்று ஏழைப் பெண்கள் வந்து உட்கார, அவர்களுடைய வீட்டுச் சண்டை விளம்பர இடைவேளைகளுக்கு நடுவே விசாரிக்கப்பட்டது. எங்கள் லயங்களில் அதைப் பார்க்காத பெண்கள் குறைவு. தன் வீட்டில் நடப்பதை வேறொருத்தி சொல்லக் கேட்கும் ஆறுதல் அது. பிறகு விஜய் டீவியின் ‘அது இது எது’வில் ராமர் சேலை கட்டிக்கொண்டு அந்த நடத்துநர் அடிக்கடி சொல்லும் ஒரு அங்கலாய்ப்பைச் சொல்லிக் காட்டினார். ஊரே சிரித்தது. அந்த வாக்கியம் சினிமாப் பாட்டுக்கும் போனது. லட்சுமி ராமகிருஷ்ணன் வெளிப்படையாகவே வருத்தப்பட்டார்.

அந்தச் சிரிப்பு யார் மேல் விழுந்தது என்று யோசித்தால் எனக்கு மனம் சங்கடப்படுகிறது. நடத்துநர் மேல் கொஞ்சம் விழுந்தது. மீதி முழுவதும், அவர் முன்னால் உட்கார்ந்து அழுத பெண்கள் மேல் விழுந்தது. அவர்களுடைய உச்சரிப்பு, அவர்கள் மூக்கைச் சிந்தும் விதம், தலை கலைந்திருப்பது, ஆத்திரத்தில் கையை ஓங்குவது, எல்லாம் ஆண்கள் சேலை கட்டி நடித்துக் காட்டும் வேடிக்கையாயிற்று. அவர்களை அங்கே வரவழைத்தது யார், கைகலப்பு நடக்கட்டும் என்று கமெராவை ஓடவிட்டது யார், அந்த அழுகையில் யாருக்கு விளம்பரப் பணம் வந்தது என்ற கேள்விகளைக் கேலி தொடவில்லை. தொட்டிருந்தால் அதை ஒளிபரப்பிய நிலையமும் சேர்ந்து மாட்டியிருக்கும். ஒரு நிலையம் தன் போட்டி நிலையத்தைக் கிண்டல் செய்வது வியாபாரம். தொலைக்காட்சி தன்னையே விசாரிப்பது வேறு.

கேலிசெய்தவர்கள் போன பாதையும் இதையே காட்டுகிறது. சந்தானம் 2004இல் ‘மன்மதன்’ படத்துக்குப் போனார். யோகி பாபுவும் அதே வழியில் சினிமாவுக்கு வந்தார். ‘கலக்கப் போவது யாரு’வில் நட்சத்திரங்களின் குரலைப் பேசிக் காட்டிய சிவகார்த்திகேயன் இன்று கட்-அவுட் வைக்கப்படும் நட்சத்திரம். அவர்கள் உழைப்பில் எனக்குக் குறை இல்லை. வறுமையிலிருந்து ஏறி வந்தவர்கள் மேல் பொறாமையும் இல்லை. ஆனால் கேரளத்து ஏசியாநெட்டில் ‘சினிமாலா’ சுமார் இருபது ஆண்டு நடந்தது, ‘முன்ஷி’ நாள்தோறும் அரசியல்வாதிகளைச் சீண்டியது. அங்கே கேலி தானே ஒரு தொழிலாக, ஒரு பொறுப்பாக நின்றது. தமிழில் அது கோடம்பாக்கத்துக்குப் போகும் ஏணிப்படியாக இருக்கிறது. ஏறுகிறவர் அடுத்த படியில் யாரைச் சந்திக்கப் போகிறார் என்பதை மனதில் வைத்துத்தான் இந்தப் படியில் பேசுவார்.

இனி எங்கள் பக்கத்துக்கு வருகிறேன். 2019 ஜூனில் விஜய் டீவியின் ‘பிக் பாஸ்’ மூன்றாம் பருவம் தொடங்கியபோது கொழும்பு சக்தி டீவியில் செய்தி வாசித்த லொஸ்லியா அந்த வீட்டுக்குள் போனார். யாழ்ப்பாணத்துத் தர்ஷனும் போனார். மலேசியாவின் முகேன் வென்றார், லொஸ்லியா மூன்றாமிடம். இலங்கைத் தமிழர் வாழும் வீடுகளில் அந்த மூன்று மாதமும் வேறு பேச்சில்லை. பத்து ஆண்டு காணாத தகப்பன் கனடாவிலிருந்து வந்து மகள் முன்னால் நின்ற காட்சியில் இங்கே எத்தனையோ வீடுகள் அழுதன. அது பொய் அழுகை இல்லை. போர், புலம்பெயர்வு, பிரிவு எல்லாம் அந்தத் தகப்பனின் முகத்தில் இருந்தன. ஆனால் அந்த முகத்தை எந்த நிமிடத்தில் காட்ட வேண்டும், எவ்வளவு நேரம் மகளை அசையாமல் நிற்கவைக்க வேண்டும், எந்த இசையை அடியில் ஓடவிட வேண்டும் என்பதை வேறு ஆட்கள் தீர்மானித்தார்கள். ஒரு சனத்தின் உண்மையான துயரம், நெதர்லாந்தில் 1999இல் உருவான ஒரு விளையாட்டின் விதிக்குள் ஒரு நாள் நிகழ்ச்சியாகப் பொருந்திப் போனது. அதைப் பற்றி ஒரு கேலியும் தமிழில் வரவில்லை. வந்த கேலியெல்லாம் அந்தப் பெண் யாரைக் காதலித்தாள் என்பதைப் பற்றியே இருந்தது.

2023 மலையகத் தமிழர் இந்த நாட்டுக்கு வந்த 200ஆம் ஆண்டு. தலைமன்னாரிலிருந்து மாத்தளைக்கு நடைபவனி நடந்தது. அதே ஆண்டில்தான் ஜீ தமிழின் ‘சரிகமப’ சிறுவர் போட்டியில் புசல்லாவைப் பகுதித் தோட்டத்துச் சிறுமி ஒருத்தி பாடினாள். அரியாலையின் கில்மிஷா அந்தப் போட்டியில் வென்றார். பிள்ளைகள் அருமையாகப் பாடினார்கள். அதில் எனக்கு மாற்றுக் கருத்தில்லை. தோட்டத்துப் பிள்ளை மேடையேறிய அன்று கொழுந்து மலை, லயம், கூடை சுமந்த பெண்கள், சோக இசை எல்லாம் திரையில் வந்தன. நடுவர்கள் கண்ணைத் துடைத்தார்கள். இருநூறு ஆண்டுக் கதை ஒரு பாட்டுக்கு முன்னுரை ஆயிற்று. வடக்கே தமிழ்நாட்டில் பலர் எங்களை முதன்முதலாக அறிந்தது அந்த முன்னுரையில்தான். அதற்காக நன்றி சொல்வதா, கோபப்படுவதா என்று எங்கள் வீடுகளில் பேச்சு நடந்தது. இரண்டும் நியாயம் என்பேன்.

நான் இதை எழுதுவது எம்பிலிப்பிட்டியவிலிருந்து. பெல்மதுளையில் பிரிந்து நோனாகம நோக்கிப் போகும் ஏ18 வீதியில் காவத்தையும் கொடகவெலயும் கடந்தால் தேயிலை குறைந்து, றப்பர் குறைந்து, வெயில் ஏறும். பிறகு வாய்க்காலும் வயலும் வாழையும். உடவளவ நீர் பாயும் பூமி. இரத்தினபுரி மாவட்டத்தின் இந்தத் தெற்கு முனையில் தமிழ்க் குரல் கேட்பது அரிது. மேலே தோட்டங்களிலிருந்து கடைவேலைக்கு இறங்கி வந்த பிள்ளைகள் சிலர் இருக்கிறார்கள். சிங்களத்தில் தடையின்றிப் பேசுகிறார்கள். ராத்திரியில் போனில் சென்னையைப் பார்க்கிறார்கள். பகலில் பார்க்கும் ஊர் ஒன்று, இரவில் பார்க்கும் ஊர் வேறொன்று. பிறந்த தோட்டம் இரண்டிலும் இல்லை.

இங்கே சிங்கள நண்பர்களோடு பழகும்போது ஒரு பொறாமை வருகிறது. அவர்களுக்குக் கேலி சொந்தம். தென்கரையின் கோலம் ஆட்டத்தில் ஆராச்சியும் முதலியும் பொலிஸ்காரனும் முகமூடி போட்டு வருவார்கள், ஊர் தன் அதிகாரிகளைப் பார்த்துச் சிரிக்கும். அந்த வழக்கம் வானொலிக்கும் தொலைக்காட்சிக்கும் இப்போது யூடியூபுக்கும் வந்திருக்கிறது. அமைச்சரைப் போலப் பேசிக்காட்ட, செய்தி வாசிப்பாளரைப் போல முகத்தை வைத்துக்காட்ட அவர்களுக்கு ஆள் இருக்கிறது. அந்த நாடகங்களில் தமிழன் வந்தால் அநேகமாகக் கொச்சைச் சிங்களம் பேசிச் சிரிப்பூட்டுகிறவனாக வருகிறான் என்பதையும் சொல்ல வேண்டும். இந்தியாவிலிருந்து வந்த அந்நியன் சிரிப்புக்கு ஆளாவது சொக்கரி என்ற நாட்டுக்கூத்துக் காலத்திலிருந்தே உண்டு. கேலிசெய்கிறவன் நானில்லை, ஆனால் கேலிக்கு ஆளாகிறவன் நான் என்றால் அந்தச் சிரிப்பில் எனக்கு இடமில்லை.

அவர்களுக்கும் அது இலவசமாகக் கிடைக்கவில்லை. இந்த எம்பிலிப்பிட்டியவிலேயே 1989இலும் 1990இலும் பாடசாலை மாணவர்கள் பிடித்துச் செல்லப்பட்டுக் காணாமல் ஆக்கப்பட்டார்கள். அதிபரின் மகனுக்கும் மாணவர்களுக்கும் ஒரு காதல் கடிதத்தால் வந்த சச்சரவு அதன் பின்னால் பேசப்பட்டது. 1999இல் அதிபரும் இராணுவத்தினரும் தண்டிக்கப்பட்டார்கள். பிள்ளைகள் திரும்பி வரவில்லை. பாடசாலைச் சச்சரவு எவ்வளவு சின்னது, அதிகாரத்தின் கை எவ்வளவு நீளமானது என்பதை இந்த ஊரின் தாய்மாருக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. 2010 ஜனவரியில் கேலிச்சித்திரம் வரைந்த பிரகீத் எக்னலிகொட காணாமல் போனார். 2023 மே மாத இறுதியில் மேடை நகைச்சுவைக்காக நடாஷா எதிரிசூரிய கட்டுநாயக்காவில் கைதாகி ஐந்து வாரத்துக்கு மேல் விளக்கமறியலில் இருந்தார். 2024இன் நிகழ்நிலைக் காப்புச் சட்டம் இன்னொரு பயத்தைச் சேர்த்தது. பெரும்பான்மை மொழியில் பேசுகிறவர்களுக்கே இந்த விலை என்றால், 1981 ஆகஸ்டில் இறக்குவானையிலும் காவத்தையிலும் லயங்கள் எரிந்ததைக் கண்ட எங்கள் சனம் வாயைக் கட்டிக்கொண்டதில் வியப்பில்லை. பயம் ஒரு காரணம். அதை மதிக்கிறேன்.

ஆனால் பயம் மட்டும் காரணம் என்று ஒப்புக்கொள்ள மாட்டேன். இலங்கைத் தமிழிலும் கேலி செழித்த காலம் உண்டு. இலங்கை வானொலியில் ‘கோமாளிகளின் கும்மாளம்’ ஒலித்தபோது கடைத்தெருக்களில் சனம் நின்று கேட்டது. மரிக்காராக எஸ். ராமதாஸ், அப்புக்குட்டியாக டி. ராஜகோபால், உபாலியாக எஸ். செல்வசேகரன், ஐயராக பி.எச். அப்துல் ஹமீத். 1976இல் அது ‘கோமாளிகள்’ என்ற படமாகவும் வந்தது. முஸ்லிம் தமிழ், யாழ்ப்பாணத் தமிழ், சிங்களவர் பேசும் தமிழ், பிராமணத் தமிழ் என்று நான்கு நாக்குகள் ஒரே வீட்டில் மோதிச் சிரித்தன. இன்றைக்கு நினைத்தால் ஏங்க வைக்கும் ஒரு நாடு அந்த நாடகத்தில் இருந்தது. அதிலும் அந்த நால்வரில் தோட்டத் தமிழ் பேச ஒரு ஆள் இல்லை. அதற்கு முந்திய ஆண்டில் வி.பி. கணேசன் ‘புதிய காற்று’ படத்தில் தோட்டத்துச் சனத்தைக் காட்டினார். அது போராட்டக் கதை. எங்களைப் பார்த்தவர்கள் எல்லாரும், நல்ல மனதோடு பார்த்தவர்களும்கூட, அழுகிறவர்களாக அல்லது போராடுகிறவர்களாக மட்டும் பார்த்தார்கள். சிரிக்கிறவர்களாகவும் பிறரைக் கேலிசெய்து காட்டுகிறவர்களாகவும் பார்க்கவில்லை. சென்னைக்கு 2000இல் ‘தெனாலி’ படம் வந்த பிறகு இலங்கைத் தமிழன் என்றால் அந்தப் பேச்சும் அந்தப் பயந்த முகமும்தான். எங்கள் பிள்ளை ஒருவன் அங்கே போய்ப் பேசினால் “நீங்க சிலோன்காரர் மாதிரியே பேசலியே” என்கிறார்கள்.

தோட்டத்தில் சிரிப்பு இல்லாமலா இருந்தது? மாசி மாதத்துக் காமன் கூத்தில் எரிந்த கட்சியும் எரியாத கட்சியும் விடியவிடிய லாவணி பாடி ஒருவரை ஒருவர் மடக்குவார்கள். பொன்னர் சங்கரில் கோமாளி வந்தால் தலைவர் முறைக்காரரையும் விட்டுவைக்க மாட்டான். துரையைப் போலத் தொப்பியைக் கவிழ்த்துப் போட்டுக்கொண்டு பெரட்டுக்களத்தில் பேர் கூப்பிட்டுக் காட்டுவான். மறுநாள் அதே துரைக்கு முன்னால் சலாம் போட வேண்டிய சனம் அன்றிரவு வயிறு வலிக்கச் சிரிக்கும். கங்காணி கூட்டத்தில் நின்றுகொண்டிருப்பார், அவரும் சிரித்தாக வேண்டும். அந்தக் கோமாளிக்குச் சட்டப் பாதுகாப்பு ஒன்றும் இருக்கவில்லை. கூத்து என்ற மதிப்புத்தான் அவனுக்குக் காவல். டீவி வந்தது, கூத்து குறைந்தது. ராசா வேடத்துக்கு வேறு ஆட்களைத் திரை கொண்டுவந்தது. கோமாளி வேடத்துக்கு ஆளை அனுப்பவில்லை.

எங்களுக்குக் கேலிசெய்யப் பொருளா இல்லை? கூரைத்தகடு கொடுக்கும் விழா ஒன்று போதும். லயத்தின் கூரை ஒழுகத் தொடங்கிப் பல காலம் ஆகியிருக்கும். ஒரு நாள் மேடை போடுவார்கள். மாலைக்கும் பட்டாசுக்கும் ஆள் வரும். தொழிற்சங்கத் தலைவர் வருவார், அவருக்கு முன்னால் கமெரா பின்னோக்கி நடந்து வரும். ஒரு பாட்டி கையில் தகட்டின் ஒரு முனை, தலைவர் கையில் மறுமுனை. படம் எடுத்து முடியும்வரை பாட்டி அதைப் பிடித்துக்கொண்டே நிற்க வேண்டும். இரவுச் செய்தியில் அது அபிவிருத்தி. அந்தத் தகடு யாருடைய சந்தாப் பணம், யாருடைய வரிப்பணம் என்று செய்தி கேட்காது. ஆயிரம் ரூபாய் நாட்சம்பளத்துக்காக எங்கள் சனம் ஆறு ஆண்டு காத்துக் கிடந்தபோது ஒவ்வொரு பேச்சுவார்த்தைக்குப் பிறகும் ஒலிவாங்கிகளுக்கு முன்னால் நின்று வெற்றி என்று சொன்னவர்கள் இருக்கிறார்கள். 2021இல்தான் அது வர்த்தமானியில் வந்தது. 2014 ஒக்டோபரில் கொஸ்லாந்தை மீரியபெத்தையிலும், 2016 மேயில் கேகாலை மாவட்டத்து அரநாயக்கவிலும் புலத்கொஹுபிட்டியவிலும் மலை சரிந்தபோது, எல்லாம் இழந்தவளின் வாயருகே ஒலிவாங்கியை நீட்டி “இப்ப உங்க மனநிலை எப்படி இருக்கு?” என்று கேட்டார்கள். இழந்தவளைப் பார்த்து யாரும் சிரிக்கப் போவதில்லை. அந்தக் கேள்வியைக் கேட்ட முகத்தை, கேட்டு முடித்துக் கமெரா அணைந்ததும் அது மாறிய விதத்தை, ஒரு நல்ல கலைஞன் மேடையில் செய்துகாட்டினால் நம் ஊடகங்கள் வெட்கப்படும். வெட்கப்பட வேண்டும் என்பதுதான் என் விருப்பம்.

சென்னை நட்சத்திரத்தைச் சென்னைக்காரர் கேலிசெய்ய, அதை நாம் பார்த்துச் சிரிப்பது தப்பில்லை. எனக்கு அது கண்ணைத் திறந்தது. ஆனால் அது அடுத்த வீட்டுச் சாமியைப் பற்றிய சண்டை. நம்மை ஆள்கிறவர்கள், நம் பெயரால் பேசுகிறவர்கள், நம் அழுகையைப் படம் பிடிக்கிறவர்கள் யாரும் அந்தச் சிரிப்பால் ஒரு அங்குலம்கூட அசையவில்லை. இன்று போன் வைத்திருக்கும் பிள்ளைகள் செய்யும் குறுங்காணொளிகளைப் பார்க்கிறேன். திறமைக்குக் குறைவில்லை. ஆனால் வடிவேலுவின் குரலுக்கு வாயசைக்கிறார்கள், சந்தானத்தின் வாக்கியத்தைச் சொல்கிறார்கள். சொந்தக் குரலில் சொந்தத் தலைவரைப் பேசிக்காட்டும் ஒரு பிள்ளையைக் கண்டால் அந்த நாளெல்லாம் எனக்குச் சந்தோஷம்.

அதனால் இரண்டு பேரிடம் கேட்கிறேன். நேத்ராவும் வசந்தமும் அரச தொலைக்காட்சி நிலையங்கள். தோட்டத்தில் சீனியும் மாவும் வாங்குகிறவர்கள் கட்டும் வரியும் அவற்றில் இருக்கிறது. பொங்கலுக்கும் மே தினத்துக்கும் எங்களைக் காட்டுவதோடு நிறுத்தாமல், வாரத்தில் அரைமணி நேரம் மலையகத்துக் கலைஞர்கள் எழுதி நடிக்கும் நையாண்டிக்கு ஒதுக்க வேண்டும். யாரைக் கேலிசெய்யலாம், யாரைச் செய்யக்கூடாது என்ற பட்டியலை அவர்கள் கையில் கொடுக்கக் கூடாது. அடுத்தது, இரத்தினபுரி, கேகாலை மாவட்டத் தோட்டப் பாடசாலைகளில் தமிழ்மொழித்தினப் போட்டிக்கு நாடகம் பழக்கும் ஆசிரியர்களிடம். இந்த முறை பிள்ளைகளிடம் கூரைத்தகட்டு விழாவை எழுதச் சொல்லுங்கள். செய்தி வாசிக்கிறவரை, ஒலிவாங்கி நீட்டுகிறவரை, மாலை போட ஓடுகிறவரை அவர்கள் நடித்துக் காட்டட்டும். மேடையின் முன்வரிசையில் அந்தத் தலைவர் பிரதம விருந்தினராக உட்கார்ந்திருந்தாலும் நாடகத்தை நிறுத்திவிடாதீர்கள்.